பதினோரு நாள் மறைத்த சாவு

என் மாமியார் செத்துப்போன அன்று மத்தியானம் நான் முதலில் செய்த காரியம், தலையில் எண்ணெய் வைத்துச் சீவி, வகிட்டில் குங்குமத்தை அழுத்தி வைத்துக்கொண்டதுதான். எங்கள் ஜனங்களில் வேறு எந்த மருமகளாவது இப்படிச் செய்தாள் என்று கேள்விப்பட்டிருந்தால் நானே அவளைக் காறித் துப்பியிருப்பேன். சாவு விழுந்த வீட்டில் பதின்மூன்று நாள் எண்ணெய் கிடையாது, குங்குமம் கிடையாது, சோற்றில் உப்பு கிடையாது. ஆனால் எங்கள் வீட்டில் சாவு விழுந்தது ஒரு காக்கைக்குக்கூடத் தெரியக் கூடாது. தெரிந்தால் என் வீட்டுக்காரர் வந்துவிடுவார். வந்தால் போலீஸ் பிடித்துக்கொண்டு போய்விடும்.

அவரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். முக்திநாத் தாஹால் என்றால் பிரம்மபுத்திராவின் வடகரையில் எருமை வைத்திருக்கும் நேபாளிகள் அத்தனை பேருக்கும் தெரியும். 'பெரியண்ணன்' என்பார்கள். பன்னிரண்டு வயதில் காசிக்குப் போய், எட்டு வருஷம் சமஸ்கிருதம் படித்துவிட்டு வந்தவர். மேய்ச்சல்காரர்களுக்கெல்லாம் தலைவர், ஆனால் அவருக்குப் பால் கறக்க வராது. எங்களுக்குக் கல்யாணமான புதிதில் ஒருமுறை வீம்புக்குச் செம்பை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார். எங்கள் கிழட்டு எருமை விட்ட உதையில் மூன்று நாள் நொண்டினார். "ஏதாச்சும் மந்திரம் சொல்லிப் பாருடா, மசியும்" என்று என் மாமியார் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். அவளை நானும் அம்மா என்றுதான் கூப்பிடுவேன்.

பட்டி பட்டியாகப் போய்க் கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் மந்திரம் சொல்லிக்கொண்டிருந்த மனிதர், ஒரு மழைக்காலத்தில் தேஜ்பூரில் காங்கிரஸ் கூட்டத்தைக் கேட்டுவிட்டு வந்தார். அதோடு சரி. அப்புறம் அவர் போன கல்யாண வீட்டிலெல்லாம் மந்திரம் கால் மணி நேரம், சுயராஜ்யம் முக்கால் மணி நேரம். "நேபாளிக்கு எதுக்குய்யா காங்கிரசு?" என்று எங்கள் ஆட்களே கேட்டார்கள். சர்க்கார் வேறு மாதிரி கேட்டது. "மலையைத் தாண்டி வந்தவங்கதானே, திரும்பிப் போங்க" என்றது. அதற்கு அவர் எல்லாக் கூட்டத்திலும் ஒரே பதிலைத்தான் சொல்வார். "நானும் இந்த மணல்லதான் பொறந்தேன், என் எருமையும் இங்கதான் பொறந்துச்சு. நாங்க ரெண்டு பேரும் எங்க போறது?" எருமைக்காரர்கள் கைதட்டுவார்கள். நான் மட்டும் கைதட்டாமல், போலீஸ் நிற்கிறதா என்று சுற்றிப் பார்ப்பேன்.

மேய்ச்சல் வரியை ஏற்றினார்கள். கொடுக்காதீர்கள் என்றார். ஆறு மாதம் ஜெயிலில் இருந்துவிட்டு வந்தார். வந்த கையோடு இன்னொரு உத்தரவு. ஆற்றுத்திட்டுகள் எல்லாம் இனிமேல் சர்க்கார் காடு, எருமைப் பட்டிகள் அறுபதையும் யானை வைத்துப் பிடுங்கி எறியப்போகிறார்கள், சிவராத்திரிக்கு மறுநாள் இலவமரத் திட்டில் தொடங்குகிறார்கள். அவர் பேரில் வாரண்ட். நாணல் காட்டுக்குள் போய் மறைந்துகொண்டார். போகும்போது பட்டிக்காரர்களுக்கு ஒரு வாக்குக் கொடுத்துவிட்டுப் போனார். "அன்னிக்கு முதல் ஆளா நான் நிப்பேன். அதுக்கப்புறம் என்னைப் பிடிச்சுட்டுப் போகட்டும்." அவர் நின்றால் அறுபது பட்டியும் நிற்கும். இல்லையென்றால் ஆளுக்கொரு பக்கமாகக் கன்றுகளை ஓட்டிக்கொண்டு போய்விடுவார்கள். எங்கள் ஆட்களை எனக்குத் தெரியாதா?

இந்த நேரம் பார்த்துத்தான் அம்மாவுக்குக் காய்ச்சல் வந்தது.

காய்ச்சல் வந்த சேதி எப்படியோ போலீஸ் ஸ்டேஷன் தரோகா காதுக்குப் போய்விட்டது. மறுநாளே எங்கள் திட்டின் தோணித்துறையில் ஒரு குடிசை போட்டு ஒரு போலீஸ்காரனை உட்கார வைத்துவிட்டார். அவனும் நேபாளிதான், பேர் டம்பர் கார்க்கி. எருமைக்காரன் வீட்டுப் பிள்ளை. தினமும் காலையில் பால் வாங்கும் சாக்கில் வந்து வீட்டைச் சுற்றி ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போவான். ஒளிவு மறைவு இல்லாதவன், என்னிடமே சொன்னான்.

"அண்ணி, தரோகா என்ன சொல்றான் தெரியுமா? 'பிராமணப் பையன், ஒத்தைப் பிள்ளை. கிழவி கண்ணை மூடினா கொள்ளி வைக்க வந்தே தீருவான். நாம தேடவே வேணாம்'ங்கறான்."

"உன் வாயில ஏன்டா இப்படி வருது? அம்மாவுக்குச் சாதாரணக் காய்ச்சல்."

"நானா சொன்னேன்? அவன் சொன்னான்" என்று சொல்லிவிட்டு, உள்ளே எட்டிப் பார்த்து, "அம்மா, எப்படி இருக்கு?" என்று குரல் கொடுத்தான். அவனுக்குத் தாயில்லை. அம்மாவிடம் ஒட்டிக்கொண்டுவிட்டான். அம்மாவும் தன் மகனைப் பிடிக்க வந்தவனுக்குத் தயிரில் சர்க்கரை போட்டுக் கொடுக்கச் சொல்வாள்.

மூன்றாவது வாரம் காய்ச்சல் நெஞ்சில் இறங்கிவிட்டது. அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"தேவகலா, முக்தியை வரச் சொல்லு. அவன் கையால ஒரு வாய் தண்ணி குடிச்சிட்டுப் போயிடறேன்."

பக்கத்துப் பட்டிக்காரன் புர்பா வாசலில் நின்றுகொண்டிருந்தான். தாமாங் சாதி. அவர் ஒளிந்திருந்த இடம் அவன் ஒருவனுக்குத்தான் தெரியும். "அண்ணி, இப்பவே தோணியை எடுத்தா சாயங்காலத்துக்குள்ள கூட்டிட்டு வந்துடுவேன்" என்றான். துடுப்புகூடக் கையில் இருந்தது. நான் அவனைப் பார்த்து வேண்டாம் என்று தலையாட்டினேன். அம்மா பக்கம் திரும்பி, "வந்துட்டே இருக்காரும்மா" என்றேன்.

அம்மா மூன்று தடவை கேட்டாள். மூன்று தடவையும் அதையேதான் சொன்னேன். கடைசித் தடவை சொல்லி முடிப்பதற்குள் மூச்சு நின்றுவிட்டது. மாசித் தேய்பிறை ஐந்தாம் நாள். சிவராத்திரிக்கு இன்னும் ஒன்பது நாள் இருந்தது.

அழக்கூட நேரமில்லை. டம்பர் காலையில் வந்துவிட்டுப் போயிருந்தான், மறுநாள் வரைக்கும் வரமாட்டான். அதற்குள் முடித்தாக வேண்டும். மாசி மாதத்தில் புதுப்புல் முளைக்கட்டும் என்று நாணலுக்கு நெருப்பு வைப்பது எங்கள் வழக்கம், ஆற்றின் இரண்டு கரையிலும் தினமும் புகைதான். அதுதான் எங்களுக்கு வசதியாகப் போயிற்று. புர்பாவும் அவன் பெண்டாட்டி சன்மாயாவும் வீட்டுக்குப் பின்னால் நாணலைக் கொளுத்தினார்கள். நாணலில் பிணம் வேகாது. கட்டைக்கு எங்கே போவது? கன்றுப் பட்டியின் வேலிக் கம்பங்களைப் பிடுங்கினோம். வீட்டிலிருந்த நெய் முழுவதையும் ஊற்றினேன்.

"கொள்ளி யாரு வைக்கறது?" என்று சன்மாயா கேட்டாள்.

புர்பா வேறு சாதி. எங்களுக்குப் பிள்ளை இல்லை. பெண்பிள்ளை கொள்ளி வைக்கக் கூடாது என்று காசிப் பண்டிதர் பெண்டாட்டிக்குத் தெரியாதா? தெரியும். நான்தான் வைத்தேன்.

சாயங்காலம் சாம்பலை ஆற்றில் கரைத்துவிட்டு, முழுகி எழுந்து, குங்குமம் வைத்துக்கொண்டேன். மத்தியானம் வைத்தது கரைந்துபோயிருந்தது.

மறுநாள் காலையில் டம்பர் வந்தான்.

"நேத்து நல்லா எரிச்சீங்க போலிருக்கே அண்ணி. துறை வரைக்கும் புகை."

"ஆமா, காத்து நல்லா அடிச்சுது" என்றேன்.

"அம்மா எப்படி இருக்காங்க?"

உள்ளே, அம்மாவின் கம்பளியை இழுத்துப் போர்த்திக்கொண்டு சன்மாயா படுத்திருந்தாள். இரண்டு தடவை இருமினாள். அம்மா ஒருநாளும் அப்படிக் கம்மி இருமியதில்லை, இவள் இருமல் எருமை செருமுவதுபோல இருந்தது.

"ஐயோ, சளி இப்படிக் கட்டியிருக்கே" என்றான் டம்பர். பாவம், உண்மையாகவே கவலைப்பட்டான். "நான் உள்ள வந்து பாக்கட்டுமா?"

"இப்பதான் கண் அசந்தாங்க. எழுப்பாதே."

போகும்போது திரும்பிப் பார்த்தான். "கன்னுப் பட்டி வேலி எங்க?"

"எருமை முட்டிச் சாய்ச்சுடுச்சு."

"எல்லாக் கம்பத்தையுமா?"

"கோவக்கார எருமை" என்றேன். சிரித்துக்கொண்டே போனான். அவன் தலை மறையும் வரைக்கும் நானும் சிரித்த முகமாக நின்றேன். பிறகு அப்படியே வாசலில் உட்கார்ந்துவிட்டேன்.

இப்படித்தான் நாள் ஓடியது. ஒரு நாளைக்கு உள்ளே இருமல், ஒரு நாளைக்கு முனகல், ஒரு நாளைக்கு "இப்பதான் கஞ்சி குடிச்சாங்க". ஒருநாள் டம்பர் கடைத்தெருவிலிருந்து நாலு ஆரஞ்சுப் பழம் கொண்டுவந்து, "அம்மாவுக்கு நாக்குச் செத்துப்போயிருக்கும், உரிச்சுக் குடுங்க" என்றான். இன்னொரு நாள் பசிக்கிறது என்று தின்ன உட்கார்ந்துவிட்டான். சோறும் உருளைக்கிழங்கும் போட்டேன். "நீங்களும் சாப்பிடுங்க அண்ணி, மூஞ்சியெல்லாம் வாடிக் கிடக்கு" என்றான். அவன் எதிரில் உட்கார்ந்து, உப்புப் போட்ட சோற்றை, ஊறுகாயோடு, கவளம் கவளமாகச் சாப்பிட்டேன். அம்மா போய் ஐந்து நாள்கூட ஆகவில்லை. அவன் போனதும் கொல்லைக்குப் போய் வாந்தி எடுத்தேன்.

வாந்தி எடுத்தது போதாதென்று பயம் வேறு. நான் தீட்டுச் சோறு போடுகிறேன், தீட்டுப் பால் கொடுக்கிறேன். ஒன்றும் தெரியாத பிள்ளை சாப்பிட்டுவிட்டுப் போகிறான். இந்தப் பாவமெல்லாம் எங்கே போய் இறங்கும்? அவர் தலையில்தானே? சிவராத்திரிக்கு மறுநாள் யானைக்கு முன்னால் நிற்கப்போகிற தலை அது.

"பயப்படாதீங்க அண்ணி, இன்னும் நாலு நாள்தான்" என்பாள் சன்மாயா. "இன்னும் நாலு நாள் நான் இருமணும்" என்று சேர்த்துக்கொள்வாள்.

சிவராத்திரி வந்தது. அம்மா போய்ப் பத்தாம் நாள். டம்பர் விடிந்ததுமே குளித்து, நெற்றியில் சந்தனம் வைத்துக்கொண்டு வந்துவிட்டான்.

"அண்ணி, இன்னிக்கு எனக்கு ரெண்டு செம்பு பால் வேணும். ஒண்ணு எனக்கு, ஒண்ணு சிவனுக்கு. துறையில ஆலமரத்தடியில கல்லு நட்டிருக்கேன், அபிஷேகம் பண்ணப்போறேன்."

கறந்த பால் நுரை அடங்காமல் அங்கேயே இருந்தது. செம்பை எடுத்தேன். எடுத்த கை நின்றுவிட்டது.

போலீசுக்குப் பொய் சொன்னேன். தீட்டில் உப்புத் தின்றேன். பெண்ணாகப் பிறந்து கொள்ளி வைத்தேன். அதிலெல்லாம் ஓடிய கை, சாவு வீட்டுப் பாலைச் சிவன் தலையில் ஊற்றக் கொடுக்க வரவில்லை. நாளைக்கு அவர் யானைக்கு முன்னால் நிற்கிறார், இன்றைக்குச் சிவனுக்குத் தீட்டுப் பாலா? செம்பை அப்படியே நழுவவிட்டேன். பால் மணலில் ஓடியது.

"அடடா" என்றான் டம்பர். "பரவாயில்ல, இன்னொரு பானை இருக்கே."

"அது திரிஞ்சுபோச்சு."

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று உறைத்தது. அவன் எருமைக்காரன் பிள்ளை.

"இப்பக் கறந்த பால் எப்படித் திரியும் அண்ணி?"

"சன்மாயா பட்டியில வாங்கிக்கோ. நல்ல பால்."

"உங்க எருமைக்கு என்ன கேடு?"

அவன் சிந்திய பாலைப் பார்த்தான். எருமை வளர்க்கிற வீட்டுப் பெண் பாலைச் சிந்தமாட்டாள், அதுவும் சிவராத்திரி அன்று. கம்பம் இல்லாத கன்றுப் பட்டியைப் பார்த்தான். வீட்டுக்குப் பின்னால் மணலில் கறுத்துக் கிடந்த இடத்தைப் பார்த்தான். அப்புறம் என் முகத்தைப் பார்த்தான்.

"எத்தனை நாளாச்சு?" என்றான், மெதுவாக.

"பத்து."

"அப்ப உள்ள இருமினது?"

சன்மாயா கம்பளியைப் போர்த்திக்கொண்டே வெளியே வந்தாள். "நான்தான்."

"அடிப் பாவி! உனக்கா நான் ஆரஞ்சு வாங்கிட்டு வந்தேன்?"

"இனிப்பாத்தான் இருந்துச்சு" என்றாள் சன்மாயா. பயத்தில் அவளுக்கு என்ன பேசுகிறோம் என்றே தெரியவில்லை.

டம்பர் மணலில் உட்கார்ந்துவிட்டான். கொஞ்ச நேரம் முகத்தைக் கையால் மூடிக்கொண்டிருந்தான். எழுந்தபோது கண் சிவந்திருந்தது.

"பத்து நாளா எனக்குத் தீட்டுப் பாலைக் குடுத்திருக்கீங்க. போலீஸ்காரன் வயித்துக்குத் தீட்டுப் பரவாயில்ல, சிவனுக்கு மட்டும் ஆகாது. அப்படித்தானே அண்ணி?"

"ஆமாம்" என்றேன்.

"என்கிட்ட சொல்லியிருந்தா நான் ஒரு கட்டையாவது தூக்கிட்டு வந்திருக்க மாட்டேனா? அவங்க எனக்குத் தயிர் போட்டவங்க."

"நீ போலீசு, தம்பி."

அது அவனை அறைந்தது போலிருந்தது. தலைப்பாகையை எடுத்துக் கட்டிக்கொண்டான். "ஆமா, போலீசுதான். இதைத் தரோகாகிட்ட சொல்லணும். சொல்லலேன்னா என் வேலை போகும். சொன்னா இன்னிக்கே ஆத்தோரம் பூரா சேதி போகும், உங்க வீட்டுக்காரர் ஓடி வருவாரு." எதைச் செய்யப்போகிறான் என்று எனக்கும் சொல்லாமல், தனக்கும் சொல்லிக்கொள்ளாமல் நடந்து போய்விட்டான். பாலும் வாங்கிக்கொள்ளவில்லை.

புர்பா, "அண்ணனுக்குச் சேதி சொல்லிட்டு வரட்டுமா?" என்று குதித்தான். "போகாதே. உன் பின்னாலயே ஆள் அனுப்புவாங்க" என்று அவனைக் கையைப் பிடித்து உட்கார வைத்தேன். அன்று பகல் முழுக்க ஆற்றைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். ஒவ்வொரு தோணியும் அவரைக் கட்டிக்கொண்டு போகிற தோணியாகவே தெரிந்தது. ஒரு செம்புப் பாலைச் சிந்தியதால் எல்லாம் கெட்டது என்று தலையில் அடித்துக்கொண்டேன்.

மறுநாள் காலையில் நாங்கள் மூவரும் இலவமரத் திட்டுக்குப் போனோம். அறுபது பட்டி ஆட்களும் வந்திருந்தார்கள், பெண்களும் கன்றுகளும்கூட. எதிரில் ஆறு யானைகள், காட்டிலாகா துரை, தரோகா, இருபது போலீஸ். டம்பர் வரிசையில் கடைசியில் நின்றான். என்னைப் பார்க்கவே இல்லை. சொல்லிவிட்டானா, இல்லையா? அவன் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

வெயில் ஏறியது. அவர் வரவில்லை. "பெரியண்ணன் எங்க?" என்று முதலில் ஒரு குரல், அப்புறம் பத்துக் குரல். ஓரத்தில் நின்றவர்கள் கன்றுகளை மெல்ல ஓட்ட ஆரம்பித்தார்கள். பிடித்துவிட்டார்கள் என்றே நினைத்தேன். சன்மாயாவின் தோளைப் பிடித்துக்கொண்டேன்.

அப்போதுதான் நாணல் விலகியது.

வந்தவரை எனக்கே அடையாளம் தெரியவில்லை. மழித்த தலை. தைக்காத வெள்ளைத் துணி ஒன்று உடம்பில். காலில் செருப்பில்லை. வயிறு ஒட்டி, விலா எலும்பு எண்ணலாம் போலிருந்தது. ஒரு வேளைச் சோறு, உப்பில்லாமல், தானே பொங்கித் தின்றவன் உடம்பு. எங்கள் ஜனங்களுக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. கூட்டம் அப்படியே பின்வாங்கி வழிவிட்டது. கருமத்தில் இருப்பவனை யாரும் தொடக் கூடாது, நிழல்கூடப் படக் கூடாது என்று தாய்மார் பிள்ளைகளை இழுத்துக்கொண்டார்கள்.

தரோகா திடுக்கிட்டு, "யாரு செத்தது?" என்றார். அப்படியென்றால் டம்பர் சொல்லவில்லை. அது ஒரு பக்கம் இருக்கட்டும். என் தலை வேறு பக்கம் சுற்றியது. நேற்றுத் தெரிந்து மழித்த தலை இல்லை அது, முடி அரிசி நீளம் வளர்ந்திருந்தது. இவருக்குத் தெரிந்திருக்கிறது. முதல் நாளிலிருந்தே தெரிந்திருக்கிறது.

அவர் முதல் பட்டியின் வாசலில் போய் உட்கார்ந்தார். பெரிதாக ஒன்றும் பேசவில்லை. "பதின்மூணாம் நாள் வரைக்கும் என்னை யாரும் தொடக் கூடாது. தொட்டாத்தான் இந்தப் பட்டியைப் பிடுங்க முடியும். தொடறவங்க வாங்க" என்றார். துரை கத்தினார். தரோகா போலீசைப் பார்த்தார். டம்பர் வரிசையை விட்டு முன்னால் வந்து, "ஐயா, கருமத்துல இருக்கறவரு. நான் தொடமாட்டேன்" என்றான். அடுத்தவனும் அதையே சொன்னான். தரோகாவும் இந்து. அவருக்கும் கை எழவில்லை. துரையும் அவரும் ரொம்ப நேரம் தனியாகப் போய்ப் பேசினார்கள். கடைசியில் என் வீட்டுக்காரரே எழுந்தார். "யானையைத் திருப்புங்க. நானா நடந்து வந்து தோணியில ஏறிக்கறேன்."

யானைகள் திரும்பின. அடுத்த மாதம் மறுபடி வந்தன, அது பெரிய கதை. அன்றைக்குத் திரும்பின. கூட்டம் கத்திய கத்தலில் கன்றுகள் மிரண்டு ஓடின. எனக்கு ஒரு சந்தோஷமும் வரவில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு துறைக்கு ஓடினேன். தோணிக்குப் பக்கத்தில், இரண்டு முழம் தள்ளி, அவருக்கு முன்னால் போய் நின்றேன்.

"உங்களுக்கு யாரு சொன்னது?"

"யாரும் சொல்லல. எதிர்க்கரையிலதான் இருந்தேன். நம்ம வீட்டுப் பின்னால எழுந்த புகையைப் பாத்தேன்" என்றார். "நாணல் புகை வெள்ளையா எழுந்து உடனே கலைஞ்சுடும். இது கறுப்பா, சாயங்காலம் வரைக்கும் நின்னுச்சு. நெய் ஊத்தினியா?"

"பாத்துட்டுமா வரல?"

"வந்திருந்தா இன்னிக்கு வந்திருக்க முடியாது."

எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. இந்த மனிதர் தெரிந்தால் ஓடி வந்துவிடுவார், தாங்கமாட்டார் என்றுதானே அத்தனையும் செய்தேன்? செத்துக்கொண்டிருந்தவளிடம் பொய் சொன்னேன். அழாமல் இருந்தேன். உப்புத் தின்றேன். அந்தப் பாவமெல்லாம் இவர் தலையில் விழக் கூடாது என்று நானே வாரிக் கட்டிக்கொண்டேன். இவரோ ஆற்றுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து, தன் தாய் எரிவதைப் பார்த்துக்கொண்டு, வருவதா வேண்டாமா என்று தானே முடிவு பண்ணியிருக்கிறார். என்னை எதற்கு இந்தப் பாடு படுத்தினீர்கள் என்று கத்த வாயைத் திறந்தேன்.

"தேவகலா" என்றார். உதடு வெடித்திருந்தது. ஆயிரம் பேருக்கு முன்னால் பேசுகிற குரல் இல்லை அது. "அம்மா என்னைக் கேட்டாங்களா?"

பதினோரு நாளாக இந்தக் கேள்விக்குத்தான் நான் பதில் சேர்த்து வைத்திருந்தேன். கேட்டாள், மூன்று தடவை கேட்டாள், உங்கள் கையால் தண்ணீர் கேட்டாள், நான்தான் தடுத்தேன், என்னை மன்னித்துவிடுங்கள் என்று. அவர் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். தரோகா தோணியிலிருந்து கூப்பிட்டார்.

"இல்ல" என்றேன். "தூக்கத்திலயே போயிட்டாங்க. யாரையும் கேக்கல."

"நல்லது" என்றார். தண்ணீரில் இறங்கி, யாரும் கை கொடுக்காமல், தானே தோணியில் ஏறி, எல்லாரையும் விட்டுத் தள்ளி முன்பக்கம் உட்கார்ந்துகொண்டார்.

தோணி நடு ஆற்றுக்குப் போகும் வரைக்கும் பெண்கள் என்னைச் சுற்றி நின்றார்கள். கடைசியில் ஒருத்தி தயங்கித் தயங்கிக் கேட்டாள். "அக்கா, உங்க வீட்டுல யாரு போனது?"

"அம்மா" என்றேன். அந்தச் சாவை அன்றைக்குத்தான் முதல் முதலாக ஊரார் முன்னால் சொன்னேன். "எங்க அம்மா செத்துட்டாங்க" என்று இன்னொரு தடவை சத்தமாகச் சொன்னேன். தலைமுடியை அவிழ்த்துவிட்டுக்கொண்டு, மணலில் விழுந்து, நெஞ்சில் அடித்துக்கொண்டு அழுதேன்.